ஜப்பானில் பிழைத்த வாய்க்காலும் தில்லியில் மறைந்த வாய்க்காலும்

கோல் மார்க்கெட்டைச் சுற்றியுள்ள தெருக்களில் ஜூலை மாதம் பிறந்தால் ஒரு காலத்தில் ஊர்ப் பேச்சுத்தான் கேட்கும். கிராண்ட் டிரங்க் எக்ஸ்பிரஸில் நாகபுரிக்கு மேல் தண்ணீர் கிடைக்காமல் பட்ட பாடு, கும்பகோணத்தில் வெற்றிலை விற்ற விலை, மன்னார்குடியில் நடந்த கல்யாணம், இப்படிப் போகும். மூட்டை கட்டிக் கொண்டுவந்த அப்பளமும் வடாமும் அக்கம்பக்கத்து வீடுகளுக்குப் பங்கு போகும். இப்போது லீவில் போய் வருகிறவர்கள் ஜப்பானைப் பற்றிப் பேசுகிறார்கள். பிள்ளைக்கு அங்கே கம்ப்யூட்டர் கம்பெனியில் உத்தியோகம். ஓய்வு பெற்ற அப்பாவும் அம்மாவும் இரண்டு மாதம் இருந்துவிட்டுத் திரும்புகிறார்கள். வடாமுக்குப் பதிலாகச் செல்போனில் புகைப்படம் பங்கு போகிறது.

அந்தப் படங்களில் இப்போதெல்லாம் ஒரு வாய்க்கால் ஊர் தவறாமல் இடம்பெறுகிறது. தெற்கே கியூஷூ தீவில், ஃபுகுவோகா நகரிலிருந்து ரயிலில் ஒரு மணி நேரத்துக்குள் போய்விடக்கூடிய யானகாவா என்ற ஊர் அது. காலையில் வழிகாட்டியுடன் புறப்பட்டு மாலையில் திரும்பிவிடலாம். ரயில் கட்டணம், படகுக் கட்டணம், மதியச் சாப்பாடு மூன்றையும் ஒரே டிக்கெட்டில் சேர்த்து விற்கிற ஏற்பாட்டை அங்குள்ள ரயில் கம்பெனியே செய்திருக்கிறது. ஸ்டேஷனிலிருந்து சிறிது தூரம் நடந்தால் படகுத்துறை. தட்டையான மரப்படகு. பின்னால் நின்றுகொண்டு ஒருவர் நீண்ட மூங்கில் கழியால் தள்ளுகிறார். இரு கரையிலும் வில்லோ மரங்கள் தண்ணீரைத் தொட்டுக்கொண்டு நிற்கின்றன. வீடுகளின் கொல்லைப்புறத்துப் படிக்கட்டுகள் வாய்க்காலில் இறங்குகின்றன. பாலங்கள் மிகத் தாழ்வானவை. படகுக்காரர் சொல்லும்போது எல்லோரும் தலையைக் குனிந்துகொள்ள வேண்டும். ஏறத்தாழ ஒரு மணி நேரம் இந்தச் சவாரி. படகுக்காரர் இடையிடையே பாட்டும் பாடுவார். அந்த ஊரின் பிரசித்தமான மதியச் சாப்பாடு ஆவியில் வெந்த விலாங்கு மீன். சைவக்காரர்கள் அந்த நேரத்தில் கையோடு கொண்டுபோன தயிர்ச் சாதத்தைப் பிரிக்கிறார்கள்.

படங்களைப் பார்த்து முடித்ததும் எல்லா வீட்டிலும் ஒரே முடிவுதான் சொல்லப்படுகிறது. "அவன் ஜப்பான்காரன் சார், அவனுக்கு ரத்தத்திலேயே சுத்தம் இருக்கிறது. இங்கே இதெல்லாம் நடக்குமா?"

இந்த முடிவில் இரண்டு தவறுகள் இருக்கின்றன. யானகாவா எப்போதும் இப்படி இருந்த ஊர் அல்ல என்பது ஒன்று. இதைச் சொல்கிறவர் தாமே ஒரு வாய்க்கால் நகரத்துக்கு ஐந்தாறு கிலோமீட்டர் தூரத்தில் குடியிருக்கிறார் என்பது மற்றொன்று.

முதலில் ஜப்பான் கதை. யானகாவா கடலோரத்துச் சதுப்பு நிலத்தில் எழுந்த கோட்டை நகரம். சேற்று நிலத்தை வடியவைக்கவும், மழைநீரைப் பிடித்து வைத்து வயலுக்குப் பாய்ச்சவும், கோட்டைக்கு அகழியாகவும் நூற்றாண்டுகளாக வாய்க்கால் வெட்டிக்கொண்டே வந்தார்கள். சிறிய ஊர்தான். ஆனால் அங்குள்ள வாய்க்கால்களையெல்லாம் நீட்டி வைத்தால் நானூறு கிலோமீட்டருக்கு மேல் வரும் என்று கணக்குச் சொல்கிறார்கள். தஞ்சாவூர்க்காரர்களுக்கு இது விளங்கும். ஆறு, வாய்க்கால், கன்னி வாய்க்கால் என்று கிளை பிரிந்து போகிற ஏற்பாடுதான். காலையில் முதல் தண்ணீரைக் குடிக்க எடுத்துவிட்டுத்தான் மற்ற வேலைகளுக்கு வாய்க்காலில் இறங்குவது என்கிற கட்டுப்பாடு அங்கும் இருந்தது.

யுத்தம் முடிந்தது. குழாய்த் தண்ணீர் வந்தது. குழாய் வந்த ஊரில் வாய்க்காலுக்கு என்ன கதி ஆகும் என்பது தமிழர்களுக்குச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. முன்பு முகம் பார்த்து நின்ற வீடுகள் வாய்க்காலுக்கு முதுகைக் காட்டின. சமையலறைக் கழிவு இறங்கியது, பிளாஸ்டிக் வந்தது, குப்பை வந்தது. 1960-களிலும் 1970-களிலும் யானகாவாவின் வாய்க்கால்கள் நாற்றமடித்தன, கொசு மண்டியது. பல தூர்ந்துபோயின. அப்போது அங்கே போயிருந்தால் எந்தத் தமிழரும் மூக்கைப் பிடித்துக்கொண்டு, நம் ஊரே தேவலை என்றுதான் திரும்பியிருப்பார். ரத்தத்தில் இருந்த சுத்தம் அப்போது எங்கே போயிற்று என்று கேட்கத் தோன்றுகிறது.

நகராட்சி ஒரு முடிவுக்கு வந்தது. சுற்றுலாப் படகு போகிற ஒரு பாதையை மட்டும் விட்டுவிட்டு மற்றவற்றை மூடிவிடுவது, அல்லது கான்கிரீட் குழாயாக்கி மேலே ரோடு போடுவது என்று திட்டம் தயாரானது. நாற்றம் போகும், கொசு ஒழியும், கார் நிறுத்த இடம் கிடைக்கும். ஜனங்களும் பெரும்பாலும் சம்மதித்தார்கள். 1977-இல் வேலை தொடங்க வேண்டியதுதான் பாக்கி.

அந்தச் சமயத்தில் நகராட்சியின் சாக்கடைப் பிரிவுக்கு ஒரு புதிய செக்‌ஷன் தலைவர் மாற்றலாகி வந்தார். ஹிரோமட்சு ட்சுதாயே என்பது அவர் பெயர். பெரிய எஞ்சினியர் அல்ல, அரசியல்வாதி அல்ல. வாய்க்கால்களை மூடுகிற வேலையை நடத்தி முடிக்கத்தான் அவரை அந்த நாற்காலியில் உட்கார வைத்தார்கள். அவர் கோப்பைப் படித்தார். பிறகு ஊரைச் சுற்றிப் பார்த்தார். மேயரிடம் போய், இந்த வேலையை நிறுத்தி வையுங்கள், எனக்குச் சில மாதம் அவகாசம் கொடுங்கள் என்று கேட்டார். மேயர் கொடுத்தார். கேட்டதும் அதிசயம், கொடுத்ததும் அதிசயம்.

அந்த அவகாசத்தில் அவர் எழுதிய குறிப்புகளில் அழகைப் பற்றிய பேச்சு குறைவு. கணக்கு அதிகம். பெருமழை பெய்தால் அத்தனை தண்ணீரையும் வாங்கி வைத்துக்கொண்டு மெதுவாகக் கடலுக்கு விடுவது இந்த வாய்க்கால்கள்தான். மூடினால் ஊர் மூழ்கும். களிமண் நிலத்தின் ஈரத்தைக் காப்பாற்றுவது இவைதான். மூடினால் நிலம் உள்வாங்கி வீடுகள் சாயும். கான்கிரீட்டில் போடுகிற பணத்தில் சிறு பகுதி இருந்தால் தூர் வாரிவிடலாம். இதைத் தூக்கிக்கொண்டு பேட்டை பேட்டையாகப் போய்க் கூட்டம் போட்டார். வசவும் வாங்கினார். பிறகு நகராட்சி ஊழியர்களும் வீட்டுக்காரர்களும் சேர்ந்து சேற்றில் இறங்கினார்கள். வாய்க்கால்கள் பிழைத்தன. இன்றும் ஆண்டுதோறும் பிப்ரவரி மாதத்தில் சில நாட்கள் மதகை அடைத்துத் தண்ணீரை வடியவிட்டுச் சுத்தம் செய்கிறார்கள். அந்த நாட்களில் சுற்றுலாப் படகுக்குக்கூட அசௌகரியம்தான். இந்த வரலாற்றை இசாவோ தகாஹாதா 1987-இல் நீண்டதொரு செய்திப் படமாக எடுத்தார். அதன் தயாரிப்பாளர், உலகமெங்கும் குழந்தைகள் பார்க்கிற கார்ட்டூன் படங்களை எடுத்த ஹயாவோ மியாசாகி.

ஜப்பானியர் எல்லோரும் இப்படி என்று எண்ணிவிடவும் வேண்டாம். 1964 ஒலிம்பிக்கை முன்னிட்டு டோக்கியோவின் பழைமையான நிஹோன்பாஷி பாலத்தின் தலைக்கு மேலேயே விரைவுச்சாலையைக் கட்டினார்கள். இப்போது அதைப் பூமிக்கடியில் கொண்டுபோக ஏராளமாகச் செலவு செய்துகொண்டிருக்கிறார்கள். ஓமி ஹச்சிமான் என்ற இன்னொரு ஊரிலும் 1585-இல் வெட்டிய வாய்க்காலைத் தூர்ப்பதற்கு வேலை தொடங்கும் நிலை வந்து, 1970-களில் உள்ளூர் இளைஞர்கள் தாங்களே சேற்றை அள்ளிக் காட்டித் தடுத்தார்கள். எந்த ஊரிலும் வாய்க்கால் தானாகப் பிழைத்ததில்லை. யாரோ ஒருவர் கோப்பை நிறுத்தியிருக்கிறார்.

நிற்க. இரண்டாவது தவறுக்கு வருவோம்.

சாந்தினி சௌக் என்றால் கோல் மார்க்கெட்டுத் தமிழர்களுக்குக் கல்யாண ஜவுளி, வெள்ளிப் பாத்திரம், பராத்தே வாலி கலி, ஜிலேபி. நெரிசல் என்ற சொல்லும் உடனே நினைவுக்கு வரும். அந்தத் தெருவின் நடுவே வாய்க்கால் ஓடியது என்றால் பாதிப் பேர் நம்புவதில்லை. ஆனால் வாய்க்காலுக்காகத்தான் அந்தத் தெருவே அப்படி அமைந்தது. ஷாஜஹான் 1639-இல் செங்கோட்டைக்கு அடிக்கல் நாட்டி 1648-இல் குடிபுகுந்தார். புதிய நகரத்தில் கிணறு தோண்டினால் பல இடங்களில் உப்புக் கரித்தது. பதேபுரி மசூதியை ஒட்டிய மசாலாக் கடைத்தெருவின் பெயரே அதற்குச் சாட்சி. காரி பாவ்லி என்றால் உப்புநீர்ப் படிக்கிணறு. எனவே யமுனை மலையைவிட்டு இறங்குகிற இடத்திலிருந்து நல்ல தண்ணீரைக் கொண்டுவந்தார்கள். பதினான்காம் நூற்றாண்டில் பிரோஸ் ஷா துக்ளக் வெட்டி, பின்னால் தூர்ந்து, அக்பர் காலத்தில் சீர்செய்யப்பட்ட பழைய கால்வாயைப் புதுப்பித்துத் தில்லி வரை நீட்டினார்கள். அலி மர்தான் கானின் கால்வாய் என்று பின்னால் வழங்கியது இதுதான்.

கால்வாய் வடமேற்கே காபூல் வாசல் பக்கம் நகருக்குள் நுழைந்தது. ஒரு கிளை பேகத்தின் தோட்டம் வழியாகக் கோட்டைக்குப் போயிற்று. இன்னொன்று கடைத்தெருவின் நடுவே இறங்கியது. கடைத்தெருவை அமைத்தவர் ஷாஜஹானின் மகள் ஜஹனாரா. இருபுறமும் மரங்கள், மரத்துக்குப் பின்னால் நடைபாதை, அதற்குப் பின்னால் கடைகள். தெருவின் நடுப்பகுதியில் எண்கோணமாக ஒரு குளம். அந்தக் குளத்து நீரில் நிலவு விழுந்து தெரிந்ததால்தான் சாந்தினி சௌக், அதாவது நிலவுச் சதுக்கம் என்று பெயர் வந்ததாகச் சொல்வார்கள். கோட்டைக்குள் போன கிளை ஷா புர்ஜ் என்ற மூலைக் கோபுரத்தருகே நுழைந்து, குளியல் மண்டபம், திவானே காஸ், ரங் மஹால் ஆகிய மாளிகைகளின் நடுக்கூடத்திலேயே பளிங்கு வாய்க்காலாக ஓடியது. சொர்க்க வாய்க்கால் என்று அதற்குப் பெயர். மே மாதத்து லூக் காற்றில் தவித்த தில்லிவாசிகளுக்கு அந்தப் பெயர் மிகையாகத் தோன்றாது.

பதினெட்டாம் நூற்றாண்டில் ஆட்சி தளர்ந்ததும் வாய்க்கால் வறண்டது. கோட்டையில் இருந்தவர்களுக்கு ராஜ்யம் போனதைவிடத் தண்ணீர் போனது பெரிய நஷ்டமாக இருந்திருக்கும். 1820-இல் ஆங்கிலேய எஞ்சினியர்கள் கால்வாயைச் செப்பனிட்டு மறுபடி நகருக்குத் தண்ணீர் கொண்டுவந்தபோது, ஜனங்கள் எதிர்கொண்டு போய்ப் பூத்தூவி வரவேற்றதாக அக்காலத்துக் குறிப்புகள் சொல்கின்றன. ஆடிப் பெருக்கைக் கொண்டாடுகிறவர்களுக்கு அந்த ஜனங்களின் சந்தோஷம் அந்நியமாகப் படாது.

அதே ஆட்சி பிற்பாடு அதை மூடியது. 1857-க்குப் பிறகு பழைய தில்லியின் மேல் வெள்ளைக்காரர்களுக்கு இருந்த கோபம் ஒருபுறம். கோட்டைக்கும் மசூதிக்கும் இடையே இருந்த வீடுகளை இடித்துத் தள்ளினார்கள். சலீம்கட்டைப் பிளந்துகொண்டு ரயில் பாதை வந்தது. நிலவு விழுந்த குளத்தைத் தூர்த்து அந்த இடத்தில் மணிக்கூண்டு கட்டினார்கள். வாய்க்கால் முதலில் மேலே மூடப்பட்டு, பிறகு மறக்கப்பட்டது. மூடியவர்களிடம் நல்ல காரணங்கள் இருந்தன. நாற்றம், கொசு, காய்ச்சல். வாய்க்காலை மூடச் சொல்லும் கோப்பில் எந்த நாட்டிலும், எந்த நூற்றாண்டிலும் எழுதப்படுகிற மூன்று சொற்கள் அவை. 1908 முதல் 1963 வரை தில்லியில் டிராம் ஓடியது. சாந்தினி சௌக்கிலும் தண்டவாளம் இருந்தது. மணிக்கூண்டும் 1950-களின் தொடக்கத்தில் இடிந்து விழுந்தது. இன்றும் அந்த இடத்தை 'கண்டாகர்' என்கிறார்கள். மணியும் இல்லை, கூண்டும் இல்லை, குளமும் இல்லை.

2021 செப்டம்பரில் சாந்தினி சௌக் புதுப்பிக்கப்பட்டுத் திறந்துவைக்கப்பட்டது. செங்கோட்டைப் பக்கத்திலிருந்து பதேபுரி மசூதி வரை ஏறத்தாழ 1.3 கிலோமீட்டருக்குச் சிவப்புக் கருங்கல் பாவினார்கள். காலை 9 மணி முதல் இரவு 9 மணி வரை மோட்டார் வாகனம் கூடாது என்றார்கள். நல்ல காரியம், பாராட்டத்தான் வேண்டும். அந்த விதி எவ்வளவு தூரம் மதிக்கப்படுகிறது என்பது வேறு விஷயம். ஆனால் அவ்வளவு செலவு செய்து தெருவைத் தோண்டிப் பாவினவர்கள், வாய்க்கால் ஓடிய நடுப்பகுதியை மின்சாரப் பெட்டிகளுக்கும் கழிப்பிடங்களுக்கும் கொடுத்துவிட்டார்கள். தண்ணீர் விட வேண்டும் என்றுகூட இல்லை. இங்கேதான் ஓடியது என்று கண்ணில் படும்படி வேறு நிறக் கல்லில் ஒரு கோடு போடுவதற்கு என்ன செலவாகியிருக்கும்?

தில்லியில் பழைய நகரத்தைச் சுற்றிக் காட்டும் நடைச் சுற்றுலாக்களுக்குப் பஞ்சமில்லை. ஞாயிறு காலையில் பத்துப் பதினைந்து பேர் வழிகாட்டியின் பின்னால் போவதைக் காணலாம். பெரும்பாலும் ஹவேலி, கவிஞர் வீடு, தின்பண்டக் கடை என்றுதான் நடை போகிறது. வாய்க்காலுக்குக் கிடைப்பது ஒரு வாக்கியம். "இங்கே ஒரு காலத்தில் வாய்க்கால் இருந்தது" என்று சொல்லிவிட்டு அடுத்த பராத்தாக் கடைக்குப் போய்விடுகிறார்கள். எதற்காக வந்தது, எப்படிப் போயிற்று என்று சொல்வாரில்லை. யானகாவாவில் படகுக்காரர் பாலத்துக்குப் பாலம் கதை சொல்கிறார் என்று மெச்சுகிறவர்கள், இங்கே அந்த ஒரு வாக்கியத்துடன் திருப்தியடைந்துவிடுகிறார்கள்.

இது ஒருபுறமிருக்க, தமிழ்நாட்டுக்காரர்கள் தில்லியைப் பழித்துப் பேச அருகதை உள்ளவர்களா என்பதையும் பார்த்துவிட வேண்டும். சென்னையில் 1806-இல் கோக்ரேன் கால்வாய் என்று தொடங்கியது, நீண்டுகொண்டே போய் வடக்கே ஆந்திரக் கரையையும் தெற்கே மரக்காணத்தையும் எட்டியது. 1877-78 தாது வருஷப் பஞ்சத்தில் கூவத்தையும் அடையாற்றையும் இணைக்கும் பகுதியைப் பஞ்ச நிவாரண வேலையாக வெட்டினார்கள். பட்டினி கிடந்தவர்கள் கூலிக்கு மண் சுமந்து வெட்டிய வாய்க்கால் அது. பெயர் மட்டும் அப்போதைய கவர்னர் பக்கிங்ஹாம் பிரபுவுக்குப் போயிற்று. நெல்லும் உப்பும் விறகும் படகில் வந்தன. 1930-களில் பாரதிதாசனும் எழுத்தாள நண்பர்களும் சென்னையில் படகேறி இந்தக் கால்வாய் வழியாக மாமல்லபுரம் போனார்கள். 'மாவலிபுரச் செலவு' என்ற அவருடைய பாட்டு அந்தப் பயணத்தைப் பற்றியதுதான். யானகாவாவுக்குப் பணம் கட்டிப் போகிறவர்கள் அனுபவிக்கிற இன்பத்தை அவர்கள் அடையாற்றுப் பக்கத்திலேயே அனுபவித்தார்கள்.

1965, 1966-ஆம் வருஷத்துப் புயல்களுக்குப் பிறகு கால்வாய் சீர்கெட்டது. படகு நின்றது. சாக்கடை சேர்ந்தது. பிறகு பறக்கும் ரயிலின் தூண்கள் அதற்குள்ளேயே இறங்கின. 1995-இல் கடற்கரையிலிருந்து சேப்பாக்கம் வரை, 1997-இல் மயிலாப்பூர் வரை, 2007-இல் வேளச்சேரி வரை ரயில் வந்தது. ரயிலைக் குறை சொல்வது எளிது. நெருக்கமான நகரத்தில் வீடுகளை இடிக்காமல், நிலத்துக்குப் பணம் கொடுக்காமல் பாதை போட வேண்டுமென்றால் கால்வாய்ப் புறம்போக்குத்தான் கண்ணில் படும். தினமும் அதில் போகிற ஆயிரக்கணக்கானவர்களுக்கு அது உபயோகமாக இருக்கிறது என்பதையும் மறுப்பதற்கில்லை. ஆனாலும் திருமயிலை ஸ்டேஷன் படியில் நின்று கீழே எட்டிப் பார்க்கிறவர், பஞ்சத்தில் மண் சுமந்தவர்களை ஒரு நிமிஷம் நினைத்துக்கொண்டால் நல்லது. 2015 டிசம்பர் வெள்ளத்துக்குப் பிறகு, கால்வாய் இவ்வளவு குறுகிப் போனதே என்று எல்லோரும் பேசினார்கள். ஹிரோமட்சு தம் மேயரிடம் வெள்ளம் வருவதற்கு முன்பே சொன்ன விஷயம் அது.

தில்லியில் வாய்க்காலைத் திரும்பக் கொண்டுவா என்றால் உடனே ஒரு கேள்வி வரும். தண்ணீர் எங்கே? குடிக்கவே லாரிக்குக் காத்திருக்கிற ஊரில் தெருவில் விடுவதற்குத் தண்ணீரா? நியாயமான கேள்விதான். தென் கொரியாவின் சியோல் நகரில் மேம்பாலச் சாலையை இடித்துவிட்டு, அதனடியில் மூடிக் கிடந்த ஓடையை 5.8 கிலோமீட்டருக்கு 2005-இல் திறந்தார்கள். பெயர் வாங்கினார்கள். ஆனால் அதில் ஓடுவது பெரும்பாலும் மோட்டார் வைத்து இறைக்கிற நீர். கரண்டுக்கு ஆகிற செலவைச் சொல்லிக் குறைகூறுகிறவர்கள் அங்கும் உண்டு. தில்லி அந்த வழியில் போக வேண்டும் என்று யாரும் பிடிவாதம் பிடிக்க வேண்டியதில்லை.

ஆனால் இந்தக் கேள்வியைக் கேட்கிறவர்கள் ஒன்றை மறந்துவிடுகிறார்கள். துக்ளக் வெட்டிய கால்வாயின் வாரிசான மேற்கு யமுனைக் கால்வாய் இன்றும் ஓடிக்கொண்டிருக்கிறது. ஹரியாணாவில் முனாக் என்ற இடத்திலிருந்து வருகிற அதன் தண்ணீர்தான் ஹைதர்பூர் போன்ற நிலையங்களில் சுத்தமாகித் தில்லியின் பெரும் பகுதிக்குக் குடிநீராகிறது. 2016 பிப்ரவரியில் ஜாட் கிளர்ச்சியின்போது முனாக் கால்வாயை உடைத்தார்கள். தில்லியில் வீட்டுக்கு வீடு வாளியுடன் அலைந்தார்கள், பள்ளிக்கூடங்களை மூடினார்கள். தில்லி அன்றும் வாய்க்கால் நகரம்தான், இன்றும் வாய்க்கால் நகரம்தான். அன்று தெருவின் நடுவே கண்ணெதிரில் ஓடியது, இன்று குழாய்க்குள் ஓடுகிறது. கண்ணில் படாத தண்ணீரைப் பற்றி யாருக்கும் கவலை வருவதில்லை. யானகாவாக்காரர்கள் குழாய் வந்தபின் செய்த பிழையைத்தான் தில்லி நூற்றாண்டுக்கு மேலாகச் செய்துகொண்டிருக்கிறது.

இதில் கோல் மார்க்கெட்டுத் தமிழர்களுக்கு என்ன வேலை என்று கேட்கலாம். வேலை இருக்கிறது. இந்தப் பகுதிக்குத் தமிழர்கள் வந்ததே கோப்பு எழுதத்தான். தலைநகர் கல்கத்தாவிலிருந்து மாறியபின், கோடையில் சிம்லாவும் குளிரில் தில்லியுமாக அலைந்த சென்னை ராஜதானிக் குமாஸ்தாக்களின் பிள்ளைகளுக்காக 1923-இல் தொடங்கிய பள்ளிக்கூடம்தான், தில்லித் தமிழ்க் கல்விக் கழகத்தின் ஏழு பள்ளிகளாக இன்று வளர்ந்திருக்கிறது. நோட் போடுவதிலும் முன்னுதாரணம் தேடி எடுப்பதிலும் தென்னாட்டவரை மிஞ்ச ஆளில்லை என்று செக்ரடேரியட்டில் ஒரு காலத்தில் பெயர். அந்தப் பரம்பரையில் வந்து, ஓய்வூதியம் வாங்கிக்கொண்டு, காலையில் நடைப்பயிற்சியும் மாலையில் பிள்ளையார் கோவிலுமாக இருக்கிற எத்தனையோ செக்‌ஷன் ஆபீசர்களும் அண்டர் செக்ரடரிகளும் இங்கே இருக்கிறார்கள். ஹிரோமட்சு அவர்களைப் போன்ற ஒருவர்தான். அவர் செய்த காரியமும் அவர்களுக்குத் தெரிந்த காரியம்தான். யாருக்கு எழுதுவது, எந்த விதியைக் காட்டுவது, எத்தனை நாள் கழித்து நினைவூட்டல் அனுப்புவது என்பதை யாரும் அவர்களுக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை.

கேட்க வேண்டியதும் பெரிதல்ல. சாந்தினி சௌக்கில் வாய்க்கால் ஓடிய தடத்துக்கு ஒரு கல்கோடு. குளம் இருந்த இடத்தில் ஒரு பலகை. மெட்ரோவில் புல் பங்கஷ் என்று ஒரு ஸ்டேஷன் இருக்கிறது. தமிழர்கள் புல் என்றதும் வேறு எதையோ நினைத்துக்கொள்கிறார்கள். இந்தியில் 'புல்' என்றால் பாலம். அந்தப் பாலம் இந்த வாய்க்காலின் மேல் இருந்த பாலம். தினமும் அங்கே இறங்குகிறவர்களில் எத்தனை பேர், எதன் மேல் பாலம் என்று கேட்டிருப்பார்கள்? ஸ்டேஷன் சுவரில் ஒரு படம் மாட்டினால் போதும். செங்கோட்டையின் ரங் மஹாலில் பளிங்குத் தாமரைத் தொட்டி வெறுமையாகக் கிடக்கிறது. ஆண்டில் சில நாட்களாவது அதில் தண்ணீர் விடலாமா என்று தொல்பொருள் துறையைக் கேட்கலாம். பளிங்குக்குக் கெடுதல் என்று அவர்கள் பதில் எழுதினால் அதுவும் ஒரு பதில்தான். கேள்வி கோப்பில் ஏறிவிடும்.

தமிழ் அமைப்புகள் ஆண்டுதோறும் பஸ் பிடித்து ஆக்ரா, மதுரா, ஹரித்வார் என்று போகின்றன. புண்ணியமும் உண்டு, புளியோதரையும் உண்டு. ஒரு ஞாயிறை இந்த வாய்க்காலுக்கு ஒதுக்கலாம். பஸ்கூட வேண்டாம். ராமகிருஷ்ண ஆசிரம மார்க்கில் மெட்ரோ ஏறி, ராஜீவ் சௌக்கிலும் காஷ்மீரி கேட்டிலும் மாறினால் புல் பங்கஷ். அங்கிருந்து புல் மிட்டாய், காரி பாவ்லி, பதேபுரி மசூதி, சாந்தினி சௌக் என்று தண்ணீர் போன திசையிலேயே கிழக்கே நடந்தால் கோட்டை வந்துவிடும். மந்திர் மார்க் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளை அழைத்துக்கொண்டு போனால் இன்னும் விசேஷம். யானகாவாவைப் பார்த்துவிட்டு வந்தவர்களில் ஒருவர் முன்னால் நடந்து, அங்கே படகுக்காரர் சொன்ன மாதிரி இடத்துக்கு இடம் நின்று கதை சொல்லட்டும். ஞாயிற்றுக்கிழமையில் பெரும்பாலான கடைகள் அடைத்திருக்கும். தெரு அகலம் அன்றைக்குத்தான் கண்ணுக்குத் தெரியும். திங்களன்று போக வேண்டாம், கோட்டைக்கு விடுமுறை. வெயில் ஏறுவதற்கு முன் புறப்பட்டுவிடுவது நல்லது. குடிக்கத் தண்ணீர் கையோடு எடுத்துச் செல்ல வேண்டும். வழியில் ஓடிய தண்ணீர் இப்போது இல்லை.